2019க்கு முன் பெய்ஜிங்கில் ஒரே விமான நிலையம்தானா? நான்யுவான் வெறும் ராணுவத் தளம்தானே?

இல்லைங்க, இரண்டு இருந்தன: பெரிய கேப்பிடல் விமான நிலையம், அதோடு பயணிகளும் போய்வந்த இந்த நான்யுவான். உங்களிடம் யாரோ அடித்துப் பேசியிருக்கிறார்கள் போல. என்னிடமும் பேசினார்கள், அதனால்தான் இந்தப் பதில்.

தியனன்மென் சதுக்கத்துக்குத் தெற்கே 13 கிலோமீட்டரில் இருந்தது நான்யுவான். 1910இல், சீனாவை ஆண்ட சிங் வம்ச அரசு ஆட்டம் கண்டிருந்த நேரத்தில், படைப் பயிற்சித் திடலில் போட்ட ஓடுதளம். சீனாவின் முதல் விமான நிலையம் என்று இதைத்தான் சொல்வார்கள். 1913இல் பிரான்சிலிருந்து 12 காட்ரான் விமானங்களை வாங்கி அங்கேயே விமானப் பள்ளி நடத்தினார்கள். 1937இல் ஜப்பானியரிடம் போனது. 1948 டிசம்பரில் கம்யூனிஸ்ட் படை பிடித்தது.

1949 அக்டோபர் 1 கதைதான் சுவாரசியம். மக்கள் குடியரசை அறிவித்த அன்று அணிவகுப்புக்குத் தேறியது 17 விமானங்கள். முன்னால் பறந்த 9 பி-51 (P-51) போர் விமானங்களும் ஒரு வட்டமடித்து வந்து வரிசையின் வாலில் மறுபடி சேர்ந்துகொண்டன. கீழே நின்று எண்ணியவர்களுக்கு 26! நாலு பேரை வைத்தே பெரும்படை காட்டும் நாடக வாத்தியார் வேலை. நான் சீனாவைக் கிண்டல் செய்வதாகச் சண்டைக்கு வராதீர்கள், அவர்களே பெருமையாகச் சொல்லும் கதை இது.

பயணிகள் சமாச்சாரத்துக்கு வருவோம். 1986இல் விமானப்படையே சைனா யுனைடெட் ஏர்லைன்ஸைத் தொடங்கியது, அதன் வீடு நான்யுவான். பிற்பாடு அது சைனா ஈஸ்டர்ன் விமான நிறுவனத்தின் கைக்குப் போய் மலிவு விலை விமானமானது. வேலை விஷயமாகப் போனபோது நானும் அதில்தான் ஏறினேன். சின்னக் கட்டடம், வெந்நீர்க் குழாய் முன்னால் கப் நூடுல்ஸோடு வரிசை, படம் எடுக்கக் கூடாது என்ற பலகை. பளபளப்பு எதுவும் இல்லை, ஆனால் ஊருக்குப் பக்கம்.

2019 செப்டம்பர் 25இல் தாசிங் என்ற புதிய விமான நிலையம் திறந்தது, அன்றோடு நான்யுவானை மூடிவிட்டார்கள். இரண்டும் தெற்கில் என்பதால் வான்வெளி இடிக்கும். மூடியது சரிதான், மறுக்கவில்லை.

ஆனால் அப்போது நான் வேலை பார்த்த கம்பெனியின் கணக்குப் பிரிவு, “பெய்ஜிங்கில் இப்படி ஒரு ஏர்போர்ட்டே கிடையாது” என்று என் டாக்ஸி பில்லைத் திருப்பி அனுப்பியது. போர்டிங் பாஸைக் காட்டியும் கேட்கவில்லை. மேனேஜருடைய ஸ்டார் ஹோட்டல் பில் மட்டும் கேள்வியே இல்லாமல் பாஸாகும்!