விரல் நுனி வெடிக்கிறது, இமை வீங்குகிறது: நெயில் ஸ்டுடியோ நடத்தும் வாசகிக்குப் பதில்

கேள்வி: மதுரை பைபாஸ் ரோட்டில் ஒரு மாடியில் சிறிய நெயில் ஸ்டுடியோ நடத்துகிறேன். இரண்டு பெண்கள் வேலை செய்கிறார்கள். வாடிப்பட்டியிலிருந்து வரும் பெண்ணுக்கு மூன்று மாதமாகப் பெருவிரல், ஆள்காட்டி விரல் நுனிகள் வெடித்து எரிகின்றன. காலையில் எழுந்தால் கண் இமை வீங்கியிருக்கிறது. பாத்திரம் தேய்க்கும் சோப்பு ஒத்துக்கொள்ளவில்லை என்று அவள் அம்மா சொல்கிறார். மாஸ்க், கையுறை இரண்டும் வாங்கிக் கொடுத்திருக்கிறேன். வாடை குறைந்த ஜெல்தான் வாங்குகிறேன். கடை முழுக்க ஏசி. இன்னொரு பெண் நான்கு மாதக் கர்ப்பம். யாரையும் வேலையை விட்டு நிறுத்த எனக்கு மனமில்லை. என்ன செய்யலாம்?

பதில்: சோப்பாக இருக்காது என்றே நினைக்கிறேன். சோப்பினால் வரும் புண் பெரும்பாலும் விரல் இடுக்கிலும், மோதிரத்துக்கு அடியிலும், புறங்கையிலும் தொடங்கும். நீங்கள் சொல்வது வேறு மாதிரி. பாட்டிலையும் பிரஷையும் வாடிக்கையாளரின் விரலையும் பிடிக்கிற நுனிகள் மட்டும் வெடிக்கின்றன, கூடவே இமையும் வீங்குகிறது. ஒரு தோல் மருத்துவராக இதைக் கேட்டதும் எனக்கு முதலில் தோன்றுவது, நகத்தில் போடும் ஜெல்லிலும் அக்ரிலிக்கிலும் இருக்கும் அக்ரிலேட் என்ற ரசாயனத்தால் வரும் ஒவ்வாமைதான். அவளிடம் ஒன்று கேட்டுப் பாருங்கள்: தீபாவளிக்கோ பொங்கலுக்கோ நான்கைந்து நாள் சேர்ந்தாற்போல் லீவு போட்டபோது கை ஆறியதா, வேலைக்குத் திரும்பிய இரண்டு நாளில் மறுபடி வந்ததா? ஆம் என்றால் சந்தேகம் இன்னும் பலமாகிறது. உறுதி செய்வதற்கு, முதுகில் பட்டை ஒட்டிப் பார்க்கும் பேட்ச் டெஸ்ட் இருக்கிறது. அதுவரை காத்திருக்காமல் இன்றே அவளை ஜெல், அக்ரிலிக் வேலையிலிருந்து விலக்கிவிடுங்கள். கடையை விட்டு விலக்கச் சொல்லவில்லை.

நம் ஊருக்கு ஜெல் நெயில் வருவதற்கு வெகு காலம் முன்பே இதே மாதிரி கைகள் உலகம் முழுக்க மருத்துவர்களுக்குத் தெரிந்தவைதான். பல் செட் செய்யும் லேபில் வேலை பார்ப்பவர்களுக்கும், எலும்பு சிமென்ட்டைத் தொடும் அறுவை சிகிச்சை மருத்துவர்களுக்கும் இது வந்திருக்கிறது. அச்சகங்களில் அட்டைக்குப் பளபளப்பாக யூ.வி. பூச்சு போடுபவர்கள் தொடுவதும் இதே குடும்பத்து ரசாயனம்தான். நகத்தில் பூசிய ஜெல்லை யூ.வி. லேம்ப்பில் காட்டுகிறீர்களே, அந்த வெளிச்சம் படும்போது ஜெல்லில் உள்ள சின்னச் சின்ன மூலக்கூறுகள் சங்கிலியாகக் கோத்துக்கொண்டு கெட்டியாகின்றன. முழுதாகக் கெட்டியான ஜெல்லால் தொல்லை மிகக் குறைவு. கெட்டியாகாத ஜெல் தோலில் படும்போதுதான் உள்ளே இறங்குகிறது. ஆரம்பத்தில் சில மாதம், சிலருக்குச் சில வருடம் ஒன்றும் தெரியாது. ஒருநாள் உடம்பு அதை எதிரியாகப் பதிவு செய்துகொள்ளும். அந்தப் பதிவு பெரும்பாலும் வாழ்நாள் முழுக்க அழியாது. இத்தனை நாள் ஒன்றும் செய்யவில்லையே என்று கேட்பவர்களுக்கு நான் சொல்லும் பதில் இதுதான்.

வாடை குறைந்த ஜெல் வாங்குவது நல்ல எண்ணத்தில்தான். ஆனால் ஒவ்வாமைக்கும் வாடைக்கும் சம்பந்தமில்லை. அதிகம் பேருக்கு ஒவ்வாமை தரும் ஹெமா என்ற அக்ரிலேட்டுக்குப் பெரிய வாடையே கிடையாது. ஐரோப்பாவில் ஹெமா உள்ள நகப் பொருள்களைத் தொழில்முறையில் செய்பவர்கள் மட்டுமே பயன்படுத்த வேண்டும் என்றும், ஒவ்வாமை எச்சரிக்கை அச்சிட வேண்டும் என்றும் விதி இருக்கிறது. ஹெமா இல்லாதது என்று எழுதிய பாட்டிலை வாங்கினால் போதாதா என்று கேட்பீர்கள். அதில் அதே குடும்பத்து வேறொன்று இருக்கும். ஒன்றுக்கு ஒத்துக்கொள்ளாத உடம்பு அதன் பங்காளிகளையும் பல நேரம் ஏற்காது.

ஒரு மணி நேரம் உங்கள் கடையில் வாடிக்கையாளர் நாற்காலியில் உட்கார்ந்து அந்தப் பெண்களின் கைகளை மட்டும் பாருங்கள். நகத்தைத் தாண்டித் தோலில் வழிந்த ஜெல்லைத் தன் பெருவிரல் நகத்தாலேயே வழித்து எடுப்பாள். பாட்டில் கழுத்தில் ஒழுகிக் காய்ந்த ஜெல் விரலில் ஒட்டும். லேம்ப்பிலிருந்து கை வெளியே வந்ததும் மேலே பிசுபிசு என்று ஒரு படலம் இருக்குமே, அது கெட்டியாகாத ஜெல்தான். அதைப் பஞ்சால் துடைக்கும்போது ஈரம் ஊறி நேராக விரல் நுனிக்குப் போகிறது. நகத்தை நீட்டும் எக்ஸ்டென்ஷனில் வளைவுக்காக இரு பக்கமும் கிள்ளிப் பிடிப்பார்கள், அப்போதும் படும். அந்தக் கையோடு செல்போனை எடுப்பாள், முடியை ஒதுக்குவாள், கண்ணைத் தேய்ப்பாள். இமைத் தோல் உடம்பிலேயே மிக மெல்லியது. விரலில் லேசாக இருக்கும் ஒவ்வாமை இமையில் வீக்கமாகத் தெரிவதற்கு அதுவே காரணம். நகத்தை ஃபைலால் தேய்க்கும்போது பறக்கும் தூளும் அங்கே போய் உட்காரும்.

அதனால் தோலில் வழியாமல் பூசுவதுதான் முதல் பாதுகாப்பு. ஓரத்தில் மயிரிழை இடைவெளி விட்டுப் பூசும் கைப்பழக்கம் வர வேண்டும். வழிந்தால் லேம்ப்பில் வைப்பதற்கு முன்பே மரக்குச்சியால் எடுக்க வேண்டும். துடைக்கும் பஞ்சை இடுக்கியால் பிடிக்கட்டும். பாட்டில் கழுத்தை ஒவ்வொரு முறையும் துடைத்து மூட வேண்டும்.

கையுறை கொடுத்திருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். எந்த வகை என்று சொல்லவில்லை. லேடெக்ஸ், வினைல் கையுறைகளை அக்ரிலேட் சில நிமிடங்களில் கடந்துவிடும். அவை இருப்பதும் இல்லாததும் ஒன்றுதான், சொல்லப்போனால் உள்ளே போனதை வியர்வையோடு சேர்த்துத் தோலில் அழுத்தி வைப்பதால் இன்னும் மோசம். நைட்ரைல் கையுறை வாங்குங்கள். அதுவும் நாள் முழுக்கத் தாங்காது. அரை மணிக்குள் மாற்ற வேண்டும், ஜெல்லோ அக்ரிலிக் லிக்விடோ மேலே சிந்தினால் உடனே கழற்ற வேண்டும். பழைய பூச்சை ஊறவைத்து எடுக்கும் அசிட்டோன் நைட்ரைலையும் சீக்கிரம் ஊடுருவும். பிடிமானம் வேண்டும் என்று விரல் நுனியை வெட்டிவிட்டுப் போட்டுக்கொள்வதும் உண்டு. புண் வருகிற இடத்தையே திறந்து வைப்பதற்கு எதற்குக் கையுறை? நாளுக்கு எத்தனை ஜோடி போகிறது என்று கணக்குப் பார்த்துச் சிக்கனம் செய்யாதீர்கள்.

அடுத்தது லேம்ப். ஜெல் ஒரு கம்பெனி, லேம்ப் இன்னொரு கம்பெனி என்றால் ஒளி பொருந்தாமல் போகலாம். பழைய லேம்ப்பில் சில பல்புகள் மங்கியிருக்கும். இட்லி மேலே வெந்து நடுவில் மாவாக இருப்பது போல, தொட்டுப் பார்த்தால் கெட்டியாக இருக்கும், உள்ளே வேகாமல் இருக்கும். அடர்ந்த நிறத்தையும் கனமான பூச்சையும் ஒரே தடவையில் போட்டால் இது கட்டாயம் நடக்கும். அந்த நகத்தோடு இரண்டு வாரம் வாழப்போகும் வாடிக்கையாளருக்கும் ஒவ்வாமை வரலாம். நகம் அடித்தோலை விட்டுத் தூக்கிக்கொண்ட நிலையில் வந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். ஜெல் கம்பெனி எந்த லேம்ப் சொல்கிறதோ அதையே வாங்குங்கள், சொன்ன நேரம் முழுக்க வையுங்கள், மெல்லிய பூச்சாகப் போடுங்கள்.

அக்ரிலிக் லிக்விட் வாங்கும்போது எம்.எம்.ஏ. உள்ளதா என்று பாருங்கள். மெத்தில் மெத்தாக்ரிலேட் என்பதன் சுருக்கம். நகப் புண்ணும் ஒவ்வாமையும் வந்து புகார்கள் குவிந்ததால் வெறும் எம்.எம்.ஏ. திரவத்தை அமெரிக்காவில் 1970-களிலேயே நீதிமன்றம் வரை போய் விற்பனையிலிருந்து எடுத்தார்கள். லேபிள் இல்லாமல் கேனில் மலிவாக வந்தால், மூக்கைத் துளைக்கும் நெடி அடித்தால், காய்ந்த பின் அசிட்டோனில் ஊறவைத்தாலும் அசையாமல் இருந்தால் சந்தேகப்படுங்கள். வளையாத கெட்டி என்பதால் எங்காவது இடித்தால் சொந்த நகத்தையும் சேர்த்துப் பிய்த்துக்கொண்டு வரும். ஜெல் லேபிளில், லேம்ப் ஒளியில் ஜெல்லைக் கெட்டியாக்க உதவும் டி.பி.ஓ. (TPO) என்ற பொருளும் இருக்கிறதா என்று பாருங்கள். இனப்பெருக்கத்தைப் பாதிக்கக்கூடும் என்ற காரணத்தால் ஐரோப்பிய ஒன்றியம் அதை 2025 செப்டம்பர் 1 முதல் அழகுப் பொருள்களில் தடை செய்துவிட்டது. இறக்குமதிப் பொருளாக இருந்தால் இறக்குமதியாளர் பெயரும் பதிவு எண்ணும் லேபிளில் இருக்க வேண்டும். 2020-ஆம் ஆண்டு அழகுப் பொருள் விதிகள் அதைத்தான் கேட்கின்றன.

சரி, காற்று. நம் ஊர் வெயிலுக்கு ஏசி இல்லாமல் முடியாதுதான். ஆனால் சுவரில் மாட்டும் ஸ்பிளிட் ஏசி உள்ளே இருக்கும் காற்றையே சுற்றிச் சுற்றிக் குளிர்விக்கிறது. காலையில் எழுந்த ஆவி மாலைவரை அறையிலேயே இருக்கும். மேஜையில் வைக்கும் தூள் உறிஞ்சியும் தூளைத்தான் பிடிக்கும், ஆவியைப் பிடிக்காது. மாஸ்க்கும் அப்படித்தான்: தூளுக்கு என்95 உதவும், சாதாரணத் துணி மாஸ்க் அதற்கும் உதவாது, இரண்டுமே ஆவியைத் தடுக்காது. அமெரிக்கக் கட்டட விதிகளில் நெயில் கடைகளுக்கென்றே ஒரு கணக்கு உண்டு. ஒவ்வொரு மேஜையிலும், வேலை நடக்கும் இடத்திலிருந்து 12 அங்குலத்துக்குள் குழாய் வாய் இருக்க வேண்டும், நிமிடத்துக்கு 50 கன அடி காற்றை உறிஞ்சிக் கட்டடத்துக்கு வெளியே தள்ள வேண்டும். ஒரு எலக்ட்ரீசியனும் ஆசாரியும் சேர்ந்தால் இங்கேயும் செய்துவிடலாம். மேஜை ஓரத்திலிருந்து குழாய், நடுவில் ஒரு ஃபேன், பின்சுவரில் ஓட்டை. பக்கத்து வீட்டு ஜன்னலிலோ மாடிப்படியிலோ விடாதீர்கள். வெளியே போகும் காற்றுக்கு ஈடாக உள்ளே வருவதற்குக் கதவுக்குக் கீழே இடம் விடுங்கள். கரண்ட் பில் கொஞ்சம் ஏறும், ஏறட்டும்.

நீங்கள் கேட்காத ஒன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இது எனக்குப் பயத்தைத் தருகிறது. நம் கடைகளில் காலையும் மாலையும் சாமி படத்துக்கு விளக்கேற்றி ஊதுபத்தி, சாம்பிராணி காட்டுவோம். அசிட்டோன் மைனஸ் 20 டிகிரி குளிரிலேயே தீப்பற்றக்கூடிய அளவு ஆவி விடும் திரவம். அந்த ஆவி காற்றைவிடக் கனமானது, தரையோடு தவழ்ந்து போய் எங்கோ இருக்கும் சுடரைத் தொடும். மாடியில், ஒரே படிக்கட்டு உள்ள கடையில் நெருப்பு வந்தால் எப்படி இறங்குவீர்கள்? பூஜையைக் கடை திறக்கும் முன் வாசலுக்கு வெளியே வைத்துக்கொண்டு, உள்ளே பல்பு விளக்கு வையுங்கள். பெரிய கேனை வேலை இடத்தில் வைக்க வேண்டாம். நனைந்த பஞ்சு மூடியுள்ள இரும்பு டப்பாவுக்குள் போகட்டும்.

வாடிக்கையாளர் விஷயத்தில் நான் முதலில் கேட்பது சுகர். இந்தியாவில் 10.1 கோடிப் பேருக்கு நீரிழிவு இருப்பதாக இந்திய மருத்துவ ஆராய்ச்சி கவுன்சிலின் (ஐ.சி.எம்.ஆர்.) ஆய்வு 2023-ல் சொன்னது. கல்யாணத்துக்கு முன் பெண்ணோடு அம்மாவும் அத்தையும் பெடிக்யூர் செய்ய வருவார்கள். சுகரால் கால் மரத்தவருக்குத் தண்ணீர் கொதித்தாலும் தெரியாது, பிளேடு கீறினாலும் தெரியாது. காலில் ஆணியும் தடித்த தோலும் இருந்தால் பிளேடால் சீவாதீர்கள், மருத்துவரிடம் அனுப்புங்கள். நகச்சுத்தி, புண், பூஞ்சை உள்ள விரலிலும் வேலை வேண்டாம். கால் ஊறவைக்க, தண்ணீரைச் சுழற்றிப் பீய்ச்சும் ஜெட் உள்ள டப்பைவிடச் சாதாரண பேசின் மேல். 2000-ஆம் ஆண்டு கலிபோர்னியாவில் வாட்சன்வில் என்ற ஊரில் ஒரே கடைக்குப் போன நூற்றுக்கும் மேற்பட்டவர்களுக்குக் காலில் ஆறாத கட்டிகள் வந்தன. ஜெட் டப்பின் சல்லடைக்குப் பின்னால் தேங்கிய முடியிலும் அழுக்கிலும் கிருமி வளர்ந்திருந்தது. அதற்கு முன்பு காலில் ஷேவ் செய்துகொண்டவர்களுக்குத் தொற்று அதிகம்.

க்யூட்டிகிள் என்ற நக ஓரத் தோலை வெட்டும் கருவிகளை நீல விளக்குப் பெட்டியில் வைத்தால் கிருமி சாகாது. சோப்பில் தேய்த்துக் கழுவி, அழுத்த நீராவியால் கிருமியைக் கொல்லும் ஆட்டோகிளேவில் 121 டிகிரியில் வைத்து எடுக்க வேண்டும். ஹெபடைடிஸ் பி கிருமி காய்ந்த ரத்தத்தில்கூட ஒரு வாரம் உயிரோடு இருக்கும். உங்களுக்கும் இரண்டு பெண்களுக்கும் அந்தத் தடுப்பூசியைப் போட்டுக்கொள்ளுங்கள்: இன்று, ஒரு மாதம் கழித்து, ஆறாவது மாதம். கர்ப்பமாக இருப்பவர் தன் மகப்பேறு மருத்துவரிடம் கேட்டுவிட்டுப் போடட்டும். குழந்தை பிறக்கும்வரை அவரை அக்ரிலிக் லிக்விடிலிருந்தும் அசிட்டோனில் ஊறவைத்து எடுக்கும் வேலையிலிருந்தும் தள்ளி, புக்கிங், மருதாணி, நூல் திரெடிங் என்று மாற்றிக் கொடுங்கள்.

வாடிப்பட்டிப் பெண்ணுக்கும் அதே மாதிரி மாற்று வேலைதான். சாதாரண நெயில் பாலிஷ் போடலாமா என்றால், அதில் உள்ள ஒருவகைப் பிசினும் இமை வீக்கத்துக்குப் பெயர் போனது. சோதனை முடியும்வரை அதுவும் வேண்டாம். கடை மேஜையையும் செல்போனையும் துடைத்துச் சுத்தம் செய்யாமல் அவளை மட்டும் நகர்த்தினால் வீக்கம் போகாது. மருந்துக் கடையில் கேட்டு வாங்கும் ஸ்டீராய்டு களிம்பை இமையில் தடவ விடாதீர்கள். தொடர்ந்து தடவினால் கண் அழுத்தம் கூடும். ஒவ்வாமை உறுதியானால் அதை எழுதிய சீட்டு ஒன்றை அவள் எப்போதும் வைத்திருக்க வேண்டும். நாளை பல் அடைக்கவோ மூட்டு மாற்று அறுவை சிகிச்சைக்கோ போனால், அந்தப் பசையிலும் சிமென்ட்டிலும் இதே குடும்பம் இருக்கும் என்பதால் மருத்துவர் முன்கூட்டியே தெரிந்துகொள்ள வேண்டும்.

பேட்ச் டெஸ்ட்டுக்கு அரசு ராஜாஜி மருத்துவமனையின் தோல் பிரிவில் கேட்கலாம், அல்லது ஒவ்வாமை பார்க்கும் தோல் மருத்துவரிடம் போகலாம். நெயில் வேலை என்று முதலிலேயே சொல்லச் சொல்லுங்கள், அக்ரிலேட்டைத் தனியாகச் சேர்த்துச் சோதிக்க அது உதவும். கடையில் உள்ள எல்லா பாட்டில் லேபிள்களையும் படமெடுத்துக் கொடுத்துவிடுங்கள். பாட்டிலில் இருக்கும் ஜெல்லையே தோலில் தடவி வீட்டில் சோதிப்பது வேண்டாம், இல்லாத ஒவ்வாமையை அதுவே உண்டாக்கிவிடும். முதுகில் ஒட்டிய பட்டை இரண்டு நாள் இருக்க வேண்டும், அப்புறமும் ஒருமுறை, சில நேரம் இரண்டு முறை போய்க் காட்ட வேண்டும். அதுவரை முதுகில் தண்ணீர் படக்கூடாது, வியர்த்தாலும் பட்டை கழன்றுவிடும். சித்திரை வெயிலில் வாடிப்பட்டி பஸ்ஸில் தினமும் வந்து போனால் பட்டை நிற்காது. அந்த வாரம் அவளுக்குச் சம்பளத்தோடு லீவு கொடுங்கள்.