பொருளாதாரமும் மருத்துவமும் எழுத விரும்பும் மகளுக்கு எந்தப் படிப்பு?

அன்புள்ள அம்மா,

பொருளாதாரத்தில் இளங்கலை முடிக்கவிருக்கும் உங்கள் மகள், பொருளாதாரம், தொழில்துறை, மருத்துவம் ஆகியவற்றை எல்லோருக்கும் புரியும்படி எழுத விரும்புவதாகவும், எழுத்து சோறு போடுமா என்று நீங்கள் கவலைப்படுவதாகவும் எழுதியிருந்தீர்கள். புத்தக உரிமைத்தொகையை மட்டும் நம்பித் தொடக்க ஆண்டுகளை ஓட்டுவது கடினம் என்பது உண்மைதான். ஆகவே ஊதியத்தோடு எழுத்துக்கான சரக்கையும் தரக்கூடிய வேலையை அவர் முதலில் தேடட்டும். ஆய்வு நிறுவனங்கள், மருத்துவமனை நிர்வாகம், காப்பீடு, வணிக இதழ்கள் ஆகியவற்றில் அத்தகைய வேலைகள் உண்டு.

முதுகலையில், மருத்துவத்தின் செலவையும் பயனையும் ஆராயும் சுகாதாரப் பொருளியலையோ புள்ளியியலையோ எடுப்பது நல்லது என்பது என் கருத்து. இதழியலைப் பிறகு வேலையிலிருந்தபடியே கற்றுக்கொள்ளலாம், துறையறிவை அப்படிச் சேர்ப்பது எளிதன்று.

அவர் விரும்பும் மூன்று துறைகளும் உண்மையில் ஒன்றோடொன்று பின்னியவை. பூஞ்சையிலிருந்து கிடைக்கும், பாக்டீரியாக்களை அழிக்கும் பெனிசிலின் மருந்தை மருத்துவ அறிஞர் ஃபிளெமிங் கண்டறிந்தது 1928இல். 1941இல் ஆக்ஸ்போர்டில் அம்மருந்தைப் பெற்ற காவலர் ஒருவர் தேறிவந்தார். மருந்து போதாமல், அவருடைய சிறுநீரிலிருந்தே அதைப் பிரித்தெடுத்து மீண்டும் செலுத்தியும், இருப்பு தீர்ந்ததால் அவர் இறந்துபோனார். அமெரிக்கத் தொழிற்சாலைகள் பெரிய தொட்டிகளில் பூஞ்சையை வளர்க்கும் முறையைக் கைக்கொண்ட பிறகுதான் மருந்து பெருகியது, விலையும் சரிந்தது. மருத்துவர் கண்டுபிடித்ததை நோயாளியிடம் கொண்டுசேர்த்தது தொழில்நுட்பமும் முதலீடுமே என்பதை விளக்கத் தெரிந்தவர்கள் மிகக் குறைவு. உங்கள் மகளுக்கான இடம் அங்கேதான் இருக்கிறது.

எண்களைக் கையாளும் நேர்மையை அவர் இப்போதே பழக வேண்டும். ஒரு மருந்து நோய் ஆபத்தைப் பாதியாகக் குறைப்பதாகச் செய்தி வந்தால், 10,000 பேரில் 2 பேருக்கு வந்தது 1 ஆனதா, 2,000 பேருக்கு வந்தது 1,000 ஆனதா என்று கேட்க வேண்டும். பணவீக்கம், அதாவது விலைகள் ஏறும் வேகம், 8 சதவீதத்திலிருந்து 5 ஆகக் குறைந்தாலும் விலைகள் ஏறிக்கொண்டேதான் இருக்கின்றன என்பதையும் வாசகருக்குச் சொல்ல வேண்டும். இவற்றில் பிழை நேர்ந்தால், அதை நம்பி ஒருவர் மருந்தை நிறுத்திவிடக்கூடும். மருந்து நிறுவனங்களிடம் பணம் பெற்று எழுத நேர்ந்தால், அதைக் கட்டுரையிலேயே வெளிப்படையாகக் குறிப்பிட வேண்டும்.

முதுகலைக்கு விண்ணப்பிக்கும் முன் இரண்டு மூன்று கட்டுரைகளை எழுதி முடிக்கச் சொல்லுங்கள். அவற்றை முதலில் நீங்களே படித்து, புரியாத வரிகளை அடிக்கோடிட்டு, அந்தப் பிரதிகளோடு இருவரும் என்னைச் சந்திக்க வாருங்கள்.