74 நிமிடத்தில் பன்னிரண்டு பாட்டு: வாசகர் கேள்வி–பதில்

இந்த முறை வந்த கேள்விகளில் பெரும்பாலானவை ஒரே தொகுப்பைப் பற்றியவை. மான்செஸ்டரைச் சேர்ந்த போஸ்ட்-பங்க் குழுவான நியூ ஆர்டர், தன் சிங்கிள்களை (தனி ரெக்கார்டாக வந்த பாட்டுகளை) திரட்டி 1987 ஆகஸ்டில் ஃபேக்டரி ரெக்கார்ட்ஸ் மூலம் வெளியிட்ட ‘சப்ஸ்டன்ஸ்’ அது.

கேள்வி: சிடியில் ‘தி பெர்ஃபெக்ட் கிஸ்’ 8:02-ல் முடிந்துவிடுகிறது. என்னிடம் உள்ள 1985 பன்னிரண்டு அங்குல ரெக்கார்டில் அதே பாட்டு இன்னும் முக்கால் நிமிடம் ஓடுகிறது. சிடி பழுதா?

பதில்: பழுது இல்லை. பாட்டின் வால் வெட்டப்பட்டிருக்கிறது. உறையில் அச்சாகியுள்ள பன்னிரண்டு நேரங்களையும் ஒரு தாளில் எழுதிக் கூட்டிப் பாருங்கள். 74 நிமிடத்தைச் சில வினாடிகள் தாண்டும். அன்றைய சிடி ஒன்றில் நம்பி அடைக்கக்கூடிய எல்லை அவ்வளவுதான். பாட்டுகளை முழு நீளத்தில் வைத்திருந்தால் 85 நிமிடத்துக்கும் மேல் போயிருக்கும்.

ஃபேக்டரி நிறுவனத்தைத் தொடங்கியவர்களில் ஒருவரான டோனி வில்சன், தன் ஜாகுவார் காரில் இருந்த சிடி பிளேயரில் இந்தச் சிங்கிள்களை எல்லாம் ஒரே மூச்சில் கேட்க ஆசைப்பட்டதில்தான் இந்தத் தொகுப்பே தொடங்கியது. சிங்கிள்கள் எல்லாம் ‘ஒரே வட்டு’க்குள் என்ற எல்லை முதல் நாளிலேயே வகுக்கப்பட்டுவிட்டது. அதற்கு விலை கொடுத்த பாட்டுகளைப் பாருங்கள். ‘சப்கல்ச்சர்’ பன்னிரண்டு அங்குலத்தில் ஏழரை நிமிடத்தை ஒட்டி ஓடும், இங்கே 4:48. ‘ஷெல்ஷாக்’ ஒன்பதரை நிமிடத்துக்கு மேல், இங்கே 6:28. ‘பெர்ஃபெக்ட் கிஸ்’ கடைசி முக்கால் நிமிடத்தை இழந்தது. ‘ப்ளூ மண்டே’ 7:29-ல் முழுசாக நிற்கிறது. அதில் கத்தி வைக்க யாருக்கும் மனம் வராது.

எங்கள் கருத்து: ‘சப்கல்ச்சர்’ சுருங்கியதால் பெரிய நஷ்டமில்லை, ஜான் ரோபியின் ரீமிக்ஸ் முழு நீளத்தில் கொஞ்சம் இழுக்கும். ‘பெர்ஃபெக்ட் கிஸ்’ விஷயம் அப்படியில்லை. அந்தப் பாட்டு கடைசி வரை அடுக்கடுக்காக ஏறிக்கொண்டே போகும். ஏறி முடிந்த இடத்தைக் கேட்கவேண்டும் என்றால் உங்களிடம் உள்ள 1985 ரெக்கார்டைப் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: ‘டெம்ப்டேஷன்’ நண்பரின் ரெக்கார்டில் வேறு மாதிரி கேட்கிறது. இரண்டு பாட்டா?

பதில்: ஒரே பாட்டு, இரண்டு ஒலிப்பதிவு. 1982 சிங்கிளும் ‘சப்ஸ்டன்ஸ்’ பதிப்பும் வேறு வேறு. ‘டெம்ப்டேஷன்’, ‘கன்ஃப்யூஷன்’ இரண்டையும் குழு 1987-ல் இந்தத் தொகுப்புக்காகவே புதிதாகப் பதிவு செய்தது. அடையாளம் காண நேரத்தைப் பார்த்தாலே போதும். 6:59 என்றால் 1987, எட்டரை நிமிடத்தைத் தாண்டினால் 1982 பன்னிரண்டு அங்குலம். ‘கன்ஃப்யூஷன்’ 4:43 என்றால் 1987. தயாரிப்பாளர் ஆர்தர் பேக்கருடன் நியூயார்க்கில் செய்த 1983 பதிவு எட்டு நிமிடத்துக்கு மேல்.

1982 ‘டெம்ப்டேஷன்’ பதிவில் பாடகர் பெர்னார்ட் சம்னர் திடுக்கிட்டுக் கத்துவது ஓரிடத்தில் கேட்கும். பாடிக்கொண்டிருந்தவரின் சட்டைக்குள் மற்றவர்கள் பனிக்கட்டியைப் போட்டதன் விளைவு என்பார்கள். 1987 பதிவு துல்லியமானது, மேடையில் ஐந்து வருடம் வாசித்துத் தேறிய கைகள் அதில் தெரியும். ஆனால் அந்தப் பதற்றம் இல்லை. இரண்டும் வேண்டும் என்பவர்கள் கோப்பின் பெயரிலேயே ஆண்டைச் சேர்த்துவிடுங்கள். இல்லையென்றால் கணினி ‘நகல்’ என்று நினைத்து ஒன்றை அழித்துவிடக்கூடும்.

கேள்வி: தொகுப்பில் ‘செரிமனி’யின் எந்தப் பதிப்பு இருக்கிறது?

பதில்: இரண்டாவது. முதலில் மூன்று பேராகப் பதிவு செய்தது 1981 மார்ச்சில் வந்தது. கில்லியன் கில்பர்ட் சேர்ந்தபின் மறுபடி பதிவு செய்தது அதே ஆண்டு செப்டம்பரில் வந்தது. தொகுப்பில் உள்ளது பின்னது, 4:23. பழைய ரெக்கார்டு வாங்கும்போது உறையைப் பாருங்கள்: பச்சை உறை முதலாவது, வெளிர்மஞ்சளில் நீலப் பட்டை போட்டது இரண்டாவது. பாடகர் இயன் கர்டிஸ் 1980 மே மாதம் இறப்பதற்கு முன், இவர்களின் முந்தைய குழுவான ஜாய் டிவிஷன் உருவாக்கிய பாட்டு இது என்பதால், தொகுப்பு இதில் தொடங்குவது பொருத்தம்.

கேள்வி: நியூ ஆர்டரின் எல்லா ஆல்பமும் என்னிடம் இருக்கின்றன. இந்தத் தொகுப்பும் தேவையா?

பதில்: கட்டாயம் தேவை. சிங்கிளை ஆல்பத்தில் சேர்ப்பதில்லை என்பது பல ஆண்டுகள் அவர்கள் பழக்கம். ‘ப்ளூ மண்டே’ 1983-ல் பிரிட்டனில் வந்த ஆல்பத்தில் இல்லை. ‘தீவ்ஸ் லைக் அஸ்’, ‘ஷெல்ஷாக்’, ‘ட்ரூ ஃபெய்த்’ எதுவும் அன்றைய பிரிட்டிஷ் ஆல்பங்களில் இல்லை. 1985-ன் ‘லோ-லைஃப்’ ஆல்பத்தில்தான் சிங்கிள்கள் உள்ளே வந்தன, அதிலும் ‘பெர்ஃபெக்ட் கிஸ்’ ஐந்து நிமிடத்துக்கும் குறைவு.

1994-ல் வந்த ‘தி பெஸ்ட் ஆஃப் நியூ ஆர்டர்’ இதற்கு மாற்று ஆகாது. அதில் ‘ப்ளூ மண்டே’ 1988 ரீமிக்ஸ், ‘ட்ரூ ஃபெய்த்’ 1994 ரீமிக்ஸ்.

கேள்வி: பழைய எல்.பி. வாங்கினேன். நாலாவது பக்கத்தில் ‘ட்ரூ ஃபெய்த்’ வரும்போது மட்டும் ‘ஸ’, ‘ஷ’ ஒலிகள் கரகரவென்று தெறிக்கின்றன. மற்ற பாட்டுகள் சுத்தம். ரெக்கார்டு தேய்ந்ததா?

பதில்: அவசரப்பட்டு முடிவு கட்டாதீர்கள். பக்கத்துக்கு மூன்று பாட்டு, 17 முதல் 19 நிமிடம். மூன்றாவது பாட்டு எப்போதும் உள்வட்டத்தில் விழும். வெளி விளிம்பில் தடம் முள்ளுக்கடியில் வினாடிக்கு சுமார் 51 செ.மீ. ஓடுகிறது. உள்ளே, மையத்திலிருந்து 6 செ.மீ. தூரத்தில், அது 21 செ.மீ.தான். அதே உயர் ஒலி பாதிக்கும் குறைவான இடத்தில் நெருக்கி வெட்டப்பட்டிருக்கும். கார்ட்ரிட்ஜ் (முள்ளைத் தாங்கும் பகுதி) கொஞ்சம் கோணலாக இருந்தாலும் முதல் அடி அங்கேதான் விழும்.

முதலில் கழுவுங்கள். காய்ச்சி வடித்த தண்ணீர், மெல்லிய பிரஷ், தடத்தின் போக்கிலேயே, குறுக்கே வேண்டாம். முழுக்க உலரவிடுங்கள். அடுத்து முள்ளின் நுனியை உருப்பெருக்கியில் பாருங்கள். பஞ்சு உருண்டை ஒட்டியிருந்தால் பின்னிலிருந்து முன்னாக மட்டும் துடைக்க வேண்டும். மாற்றித் துடைத்தால் முள்தண்டு வளைந்துவிடும்.

பிறகு எடை. முள் தராசில் வைத்து, கார்ட்ரிட்ஜ் தயாரிப்பாளர் தந்த வரம்பின் மேல்பாதியில் நிறுத்துங்கள். 1.8 முதல் 2.2 கிராம் என்று இருந்தால் 2.0 அல்லது 2.1. எடை குறைந்தால் ரெக்கார்டு தேயாது என்று பலர் நம்புகிறார்கள். நடப்பது நேர்மாறு: முள் தடத்தின் சுவரிலிருந்து துள்ளித் துள்ளி மோதி அதைச் சிதைக்கும்.

கடைசியாகக் கோணம். கார்ட்ரிட்ஜ் கோணம் பார்க்கும் அளவுத்தாளில் இரண்டு புள்ளிகள், பரவலான முறையில் மையத்திலிருந்து 66 மி.மீ., 120.9 மி.மீ. இரண்டிலும் கார்ட்ரிட்ஜின் உடல் கோடுகளுக்கு இணையாக நிற்க வேண்டும். ஒன்றில் நேராகவும் மற்றதில் சாய்வாகவும் நின்றால், கார்ட்ரிட்ஜை முன்னோ பின்னோ ஒரு மி.மீ. தள்ளி, திரும்ப இரண்டையும் பாருங்கள்.

இவ்வளவும் செய்தபின் அதே வரியில், அதே எழுத்தில் தெறித்தால் தடம் தேய்ந்ததாகத்தான் அர்த்தம். அதைச் சரிசெய்ய வழி இல்லை.

கேள்வி: தொகுப்பின் இரண்டாவது சிடியில் (பின்பக்கப் பாட்டுகள் உள்ளது) ‘மெஷ்’ என்று போட்டிருக்கிறது. இணையத்தில் கேட்ட ‘மெஷ்’ வேறு பாட்டாக இருக்கிறதே?

பதில்: உங்கள் காது சரி. சில பதிப்புகளின் உறையில் ‘மெஷ்’ என்று அச்சாகியிருப்பது உண்மையில் ‘க்ரைஸ் அண்ட் விஸ்பர்ஸ்’. இரண்டுமே ‘எவ்ரிதிங்ஸ் கான் க்ரீன்’ சிங்கிளின் பின்பக்கத்தில் இருந்தவை, குழப்பம் அங்கே தொடங்கியது. சிடியைக் கணினிக்கு மாற்றும்போது இணையத் தரவுத்தளம் நிரப்பும் பெயரும் பெரும்பாலும் உறையைப் பார்த்து எழுதியதுதான். கையால் திருத்துங்கள்.

கேள்வி: ஜாய் டிவிஷனுக்கும் ‘சப்ஸ்டன்ஸ்’ இருக்கிறதே, அது என்ன?

பதில்: துணைத் தொகுப்பு, 1988-ல் வந்தது. ஃபேக்டரியின் பட்டியல் எண்ணில் நியூ ஆர்டருடையது ஃபேக்ட் 200, இது ஃபேக்ட் 250. எல்.பி.யில் 10 பாட்டு, சிடியில் 17, ஆகவே பழைய பதிப்பு என்றால் சிடியே லாபம். ‘ஷீஸ் லாஸ்ட் கன்ட்ரோல்’ இதில் 1979 ஆல்பப் பதிவு அல்ல, பின்னால் வந்த பன்னிரண்டு அங்குலப் பதிவு. எந்த ஸ்டுடியோ ஆல்பத்திலும் இல்லாத ‘லவ் வில் டேர் அஸ் அபார்ட்’டும் இதில் உண்டு. 2015 மறுபதிப்பில் அதே பாட்டின் பென்னைன் ஸ்டுடியோ பதிவும் சேர்ந்தது.

கேள்வி: நியூ ஆர்டர் ‘சப்ஸ்டன்ஸ்’ 2023 மறுபதிப்பு வாங்கலாமா?

பதில்: பழைய சிடி நல்ல நிலையில் இருந்தால் நான்கு வட்டுப் பதிப்பை மட்டும் யோசியுங்கள். மூன்றாவது வட்டில் விடுபட்ட பின்பக்கப் பாட்டுகளும் மாற்றுப் பதிவுகளும். நான்காவது, 1987 செப்டம்பரில் கலிஃபோர்னியாவின் இர்வைன் மெடோஸில் ‘சப்ஸ்டன்ஸ்’ முழுவதையும் அதே வரிசையில் மேடையில் வாசித்தது. அதற்காகவே வாங்கலாம்.