விங்ஸில் காரம் ஏறவில்லை, கசப்புதான் ஏறுகிறது: என்ன செய்யலாம்?

கேள்வி: பஃபலோ சிக்கன் விங்ஸ் வீட்டில் செய்து பார்த்தேன். கண்ணில் தண்ணீர் வரும் அளவுக்குக் காரம் வேண்டும் என்று தயிர், இஞ்சி பூண்டு விழுதோடு 4 டேபிள்ஸ்பூன் மிளகாய்த்தூள் போட்டு, இரவு முழுக்க ஊறவைத்துப் பொரித்தேன். காரம் சுமார்தான். ஆனால் கசந்தது, தோலும் சவசவவென்று இருந்தது. இப்போது பூத் ஜோலோக்கியா என்ற கடுங்கார மிளகாயின் தூள் வாங்கி வைத்திருக்கிறேன். அதை எவ்வளவு போடுவது, எந்தக் கட்டத்தில் போடுவது?

பதில்: நீங்கள் போட்ட மிளகாய்த்தூள் குறைவில்லை. போட்ட இடம்தான் தவறு. எண்ணெய் 175 டிகிரி சூட்டில் இருக்கும்போது, கறியின் மேல் ஒட்டியிருக்கும் தூள் கறி வேகும் முன்பே கருகிவிடுகிறது. கசப்பு அங்கிருந்து வந்தது. காரம் தரும் கேப்சைசின் தண்ணீரில் கரையாது, கொழுப்பில் சுலபமாகக் கரையும். பொரித்து முடித்தபின் வாணலியில் மிஞ்சிய எண்ணெய் சிவந்து, நெடி அடித்திருக்குமே? விங்ஸில் இருக்க வேண்டிய காரத்தில் ஒரு பங்கு அந்த எண்ணெய்க்குள் போய்விட்டது.

1964-ல் அமெரிக்காவின் பஃபலோ நகரில், ஆங்கர் பார் என்ற உணவகத்தில் தெரேசா பெல்லிசிமோ செய்ததாகச் சொல்லப்படும் முதல் விங்ஸில் மசாலா ஊறவைப்பதே கிடையாது. மாவும் கிடையாது. இறக்கையை வெறுமனே பொரித்து, மிளகாய், வினிகர் சாஸும் வெண்ணெயும் கலந்த குழம்பில் கடைசியில் புரட்டி எடுப்பார்கள். நம் சிக்கன் 65-க்கு நேர் எதிரான முறை இது. எவ்வளவு காரம் வேண்டுமானாலும் இந்த முறையில் ஏற்றலாம், ஏனென்றால் மிளகாய் கொதிக்கிற எண்ணெயைப் பார்ப்பதே இல்லை. ஆகவே கறியில் மிளகாய்த்தூள் வேண்டாம். காரம் முழுவதும் சாஸில்.

முதலில் தோலைச் சரிசெய்வோம்

கறிக்கடையில் தோலோடு வேண்டும் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். தோலுரித்த இறக்கையில் இந்தப் பண்டம் வராது. மஞ்சள் தடவித் தீயில் வாட்டித் தந்தால் நல்லதுதான், முடி மிச்சமிருக்காது. 1.2 கிலோ வாங்கினால் நுனியை நீக்கியபின் சுமார் 1 கிலோ தேறும். மூட்டு இருக்கும் இடத்தை விரலால் தடவிப் பார்த்து, எலும்பின் மேல் அல்லாமல் இரண்டு எலும்புக்கும் நடுவிலுள்ள குருத்தில் கத்தியை வைத்தால் அழுத்தாமலே வெட்டுப்படும். நுனிகளை எறிய வேண்டாம், சூப்புக்கு அவ்வளவு நன்றாக இருக்கும்.

கழுவியிருந்தால் ஒவ்வொரு துண்டையும் டிஷ்யூ தாளால் ஒற்றி எடுங்கள். தாள் நனையாமல் வரும்வரை ஒற்ற வேண்டும். தோலில் ஈரம் இருக்கும்வரை அதன் சூடு 100 டிகிரியைத் தாண்டாது, 100-ஐத் தாண்டாத தோல் மொறுமொறுப்பாகாது. நீங்கள் தயிரில் ஊறவைத்தது தோலுக்கு இன்னும் ஈரத்தைச் சேர்த்தது, அவ்வளவுதான்.

1 கிலோவுக்கு 3 டீஸ்பூன் பேக்கிங் பவுடர், ஒன்றரை டீஸ்பூன் தூள் உப்பு, அரை டீஸ்பூன் மிளகுத்தூள். கலந்து, துண்டுகளில் மெல்லிசாகப் படியும்படி புரட்டுங்கள். பேக்கிங் பவுடர் தோலின் காரத்தன்மையை (மிளகாய்க் காரம் அல்ல, அமிலத்துக்கு எதிரான தன்மை) கூட்டுவதால் அது சீக்கிரம் சிவக்கும். வெளிவரும் வாயு தோலில் பொடிப் பொடிக் குமிழ்களை எழுப்பும். ஆப்ப சோடாவை அதற்குப் பதிலாகப் போட்டுவிடாதீர்கள். சோப்பைக் கடித்ததுபோல இருக்கும். பிறகு கம்பி வலை மேல் அடுக்கி, கீழே ஒரு தட்டு வைத்து, மூடாமல் ஃபிரிட்ஜின் அடித்தட்டில் 8 முதல் 24 மணி நேரம். பாலும் அரைத்த மாவும் மேல்தட்டில் இருக்கட்டும், பச்சைக் கறியின் நீர் எதன்மேலும் சொட்டக்கூடாது. எடுக்கும்போது தோல் காகிதம்போல உலர்ந்து, தொட்டால் விரலில் ஒட்டாமல் இருந்தால் சரி.

ஓவன் இருந்தால் 220 டிகிரியில் 45 நிமிடம், பாதியில் ஒருமுறை திருப்பிவிட்டு. ஏர் ஃபிரையரில் 200 டிகிரியில் 22 முதல் 25 நிமிடம், ஒன்றன்மேல் ஒன்று படாமல், இரண்டு தவணையாக. வாணலி என்றால் பேக்கிங் பவுடர் தேவையில்லை, உப்பு மட்டும் தடவி உலரவிட்டு இரண்டு முறை பொரியுங்கள். முதலில் 150 டிகிரியில் 10 நிமிடம், வெளியே எடுத்து 10 நிமிட ஓய்வு, பிறகு 190 டிகிரியில் 3 நிமிடம். ஓய்வில் உள்ளிருக்கும் ஈரம் தோலுக்கு வந்து சேரும், இரண்டாவது சூடு அதை விரட்டும். கறி பாதுகாப்பாக வெந்துவிட்டது என்பதற்கு உள்சூடு 74 டிகிரி போதும். ஆனால் இறக்கையில் சவ்வு அதிகம், 85 டிகிரி வரை போனால்தான் எலும்பிலிருந்து கழன்று வரும். மார்புக்கறிபோல வறண்டுவிடுமோ என்று பயப்பட வேண்டாம்.

காரத்தைக் கணக்குப் போடலாம்

மிளகாயின் காரத்தை ஸ்கோவில் அளவில் சொல்வார்கள். 1912-ல் வில்பர் ஸ்கோவில் என்ற அமெரிக்க மருந்தாளுநர் வகுத்தது. காஷ்மீரி வற்றல் 1,000 முதல் 2,000. நிறத்துக்கு மட்டும்தான் அது. குண்டூர் வற்றல் சுமார் 35,000. பூத் ஜோலோக்கியா 10 லட்சத்தைத் தாண்டியது என்று 2007-ல் கின்னஸ் பதிவே இருக்கிறது. பஃபலோ விங்ஸுக்கு வழக்கமாக ஊற்றும் ஃபிராங்க்ஸ் ரெட்ஹாட் சாஸ் வெறும் 450 தான். இதையெல்லாம் சொல்வதற்குக் காரணம், சாஸில் கலக்கும்போது இந்த எண் ஏறக்குறைய நீர்த்துப்போகும் விகிதத்திலேயே குறையும். அதனால் அடுப்பைப் பற்றவைக்கும் முன்பே காரத்தை மதிப்பிட முடியும்.

1 கிலோ விங்ஸுக்கு 250 கிராம் சாஸ் வைத்துக்கொள்வோம். அதில் 15 கிராம் குண்டூர் வற்றல் போனால் 15 × 35,000 ÷ 250, அதாவது சுமார் 2,100. ஃபிராங்க்ஸைவிட நாலு மடங்குக்கும் மேல். நல்ல காரம் தின்பவர்களுக்கே இது போதும். உங்கள் ஜோலோக்கியா தூளில் 1 கிராம் சேர்த்தால் இன்னொரு 4,000 கூடி, மொத்தம் 6,000. 2 கிராம் போட்டால் 10,000. அரை டீஸ்பூன் தட்டிய அளவு ஏறத்தாழ 1 கிராம். ஆனால் இந்த மிளகாய்க்கு ஸ்பூன் போதாது. நகைக்கடைத் தராசு மாதிரி 0.1 கிராம் காட்டும் சின்ன டிஜிட்டல் தராசு வாங்கிக்கொள்ளுங்கள்.

முதல் முறை 0.5 கிராமில் தொடங்குங்கள். 2 கிராமுக்கு மேல் போவதை நாங்கள் பரிந்துரைப்பதில்லை. அதற்குமேல் நாக்கு மரத்துப்போய், கறியின் ருசியோ வெண்ணெயின் ருசியோ தெரியாது. பிறகு எதற்காக இவ்வளவு பாடுபட்டுத் தோலை மொறுமொறுப்பாக்கினோம்? சொட்டுச் சொட்டாக விடும் கேப்சைசின் எசென்ஸ் விற்கிறார்களே, அதை வாங்க வேண்டாம். எரிக்கும், ஆனால் மருந்து வாடையும் கசப்பும் வரும்.

ஜோலோக்கியா கிடைக்காதவர்கள் 25, 30 பச்சைக் காந்தாரி மிளகாயை வினிகரோடு அரைத்துச் சேர்க்கலாம். காந்தாரி சட்டென்று நாக்கு நுனியில் குத்தும். ஜோலோக்கியா முதலில் பழவாசனை காட்டி, அரை நிமிடம் சும்மா இருந்துவிட்டு, பிறகு தொண்டையிலிருந்து ஏறும். பலர் ஏமாறுவது இந்த அரை நிமிடத்தில்தான். சாஸைப் பல்குத்தும் குச்சி நுனியால் தொட்டு ருசி பார்த்துவிட்டு 2 நிமிடம் காத்திருங்கள். காரமே இல்லையே என்று அடுத்த ஸ்பூன் தூளைக் கொட்டிவிடாதீர்கள்.

சாஸ்

குண்டூர் வற்றல் 15 கிராம், காஷ்மீரி வற்றல் 15 கிராம். காம்பு கிள்ளி, விதையை உதறிவிடுங்கள். காரம் விதையில் இருப்பதாகச் சொல்வது தவறு. விதை ஒட்டியிருக்கும் வெள்ளை நரம்பில்தான் அது இருக்கிறது. விதை சாஸை நறநறவென்று ஆக்கும், கசப்பும் தரும். 150 மில்லி கொதிநீரில் 20 நிமிடம் ஊறவைத்து, ஆறியபின் அந்த நீரோடு 6 பல் பூண்டு, 100 மில்லி வெள்ளை வினிகர், ஒன்றரை டீஸ்பூன் உப்பு, ஒரு டீஸ்பூன் வெல்லத்தூள் சேர்த்து மைய அரைத்து வடிகட்டுங்கள். மிக்ஸி மூடியைத் திறந்ததும் முகத்தை அதன்மேல் கொண்டுபோகாதீர்கள். வடித்ததைச் சிறுதீயில் கிளறி, சுமார் 170 கிராமாகச் சுண்டவிட்டுத் தனியே வையுங்கள்.

வெண்ணெய் 80 கிராம். அதில் 20 கிராமை அடிகனமான பாத்திரத்தில் உருக்கி அடுப்பை அணைத்துவிடுங்கள். நுரை அடங்கியதும் ஜோலோக்கியா தூளைப் போட்டு ஒரு நிமிடம் கிளறுங்கள். காரம் கொழுப்பில் கரைந்து சாஸ் முழுக்கச் சீராகப் பரவுவதற்கு இதுதான் வழி. கடைசியில் மேலே தூவினால் ஒரு துண்டில் ஒன்றுமிருக்காது, அடுத்த துண்டு ஆளைச் சாய்க்கும். அடுப்பு எரியும்போது தூளைப் போட்டால் வீடே கமறும். ஜன்னலைத் திறந்து வைத்து, எக்ஸாஸ்ட் ஃபேனைப் போட்டபின் தொடங்குங்கள்.

அரைத்த விழுதை இதில் ஊற்றிச் சூடேற்றி, ஆவி வந்ததும் மறுபடி அடுப்பை அணைத்து, மீதி 60 கிராம் குளிர்ந்த வெண்ணெயை மூன்று தவணையாகப் போட்டு விடாமல் அடியுங்கள். குழம்பு பளபளவென்று கெட்டியாகி, கரண்டியின் பின்பக்கத்தில் படிந்து நிற்கும். கொதிக்கவிட்டால் வெண்ணெய் பிரிந்து எண்ணெயாக மிதக்கும். பிரிந்துவிட்டால் 2 ஸ்பூன் வெதுவெதுப்பான நீர் விட்டு வேகமாக அடித்தால் பெரும்பாலும் சேர்ந்துவிடும். வெண்ணெய்க்குப் பதில் நெய் ஊற்றாதீர்கள். குழம்பைச் சேர்த்துப் பிடிக்கும் பால்சத்தும் நீரும் நெய்யில் இல்லை, அதனால் அது தனியாகத்தான் நிற்கும்.

விங்ஸ் வெளியே வந்து 2 நிமிடம் கழித்து, அகலமான ஸ்டீல் பாத்திரத்தில் போட்டு, வெதுவெதுப்பான சாஸை ஊற்றிக் குலுக்குங்கள். சாஸ் கொதிசூட்டில் இருந்தால் ஆவியில் தோல் ஊறிவிடும். குலுக்கிய 10 நிமிடத்துக்குள் சாப்பிட்டுவிட வேண்டும். விருந்தாளிகள் வரத் தாமதமானால் விங்ஸைச் சூடான ஓவனில் வைத்துக் காக்கலாம், சாஸில் புரட்டிவிட்டுக் காக்கக்கூடாது.

பாதுகாப்பு

நைட்ரைல் கையுறை இல்லாமல் ஜோலோக்கியா பொட்டலத்தைப் பிரிக்காதீர்கள். கான்டாக்ட் லென்ஸ் அணிபவர்கள் சமைக்கும் முன்பே கழற்றிவிடுங்கள். கையில் பட்டுவிட்டால் முதலில் சமையல் எண்ணெய் தேய்த்துத் துடைத்து, பிறகு பாத்திரம் துலக்கும் சோப்பால் கழுவுங்கள். வெறும் தண்ணீர் அதைப் பரப்பத்தான் செய்யும். பலகை, மிக்ஸி ஜாருக்கும் இதே வழி. இல்லாவிட்டால் மறுநாள் தேங்காய்ச் சட்னி காரமாக இருக்கும்.

குழந்தைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் இதைத் தராதீர்கள். ஆஸ்துமா, வயிற்றுப்புண், இதயக் கோளாறு உள்ளவர்களுக்கும் வேண்டாம். யாரையும் பந்தயம் கட்டித் தின்ன வைக்காதீர்கள். 2023-ல் அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் மிகக் காரமான சிப்ஸ் ஒன்றைச் சவாலுக்காகத் தின்ற 14 வயதுச் சிறுவன் இறந்தான். அவனுக்கு இதயக் கோளாறு இருந்தது பிரேதப் பரிசோதனையில்தான் தெரிந்தது. சாப்பிட்டபின் நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், நிற்காத வாந்தி வந்தால் மருத்துவமனைக்குப் போங்கள்.

வாய் எரிச்சலுக்குக் குளிர்ந்த பாலோ தயிரோ எடுங்கள். பாலிலுள்ள கேசீன் என்ற புரதம் கேப்சைசினைப் பற்றிக்கொண்டு போகும். பஃபலோவில் இதற்காகத்தான் புளூ சீஸ் சாஸும் செலரித் தண்டும் தட்டில் வரும் என்று வைத்துக்கொள்ளலாம். நம் வீட்டில் 200 கிராம் கெட்டித் தயிரைத் துணியில் ஒரு மணி நேரம் வடித்து, துருவிப் பிழிந்த வெள்ளரிக்காய், ஒரு பல் பூண்டு, உப்பு சேர்த்தால் போதும். அதை விங்ஸ் அடுப்பேறும் முன்பே செய்து ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள், எரியத் தொடங்கியபின் தேட முடியாது.

வெண்ணெய் சேர்க்காத மிளகாய் விழுது கண்ணாடிப் புட்டியில், ஃபிரிட்ஜில் 2 வாரம் இருக்கும். புட்டியின்மேல் பெரிய எழுத்தில் பெயர் எழுதி ஒட்டிவிடுங்கள். தக்காளித் தொக்கு என்று நினைத்து யாராவது தோசைக்கு எடுத்துவிடுவார்கள்.