அடைகோழியை வீடு மாற்றலாமா?

கேள்வி: காரைக்குடியில் அப்பத்தா வீட்டில் சிறுவிடைக் கோழி 11 முட்டையோடு அடையில் இருக்கிறது. இன்று 9ஆம் நாள். கல்யாண வேலை தொடங்கிவிட்டதால் கோழி இருக்கும் இரண்டாங்கட்டில் (வீட்டின் பின்பகுதி முற்றத்தில்) ஆள் நடமாட்டம் ஓயவில்லை. தேவகோட்டைக்குக் காரில் கொண்டுபோனால் முட்டை கெட்டுவிடுமா?

பதில்: பக்குவமாகக் கொண்டுபோனால் கெடாது. ரத்தக் குழாய்கள் படரும் முதல் வாரத்தில் பலத்த குலுக்கல் கருவைக் கொன்றுவிடும். 18ஆம் நாளுக்கு மேல் குஞ்சு ஓட்டை உடைக்கத் தோதாகத் திரும்பிப் படுக்கும். அப்போதும் தொடக் கூடாது. இடைப்பட்ட நாளில்தான் இருக்கிறீர்கள். பயமெல்லாம் கோழியைப் பற்றித்தான்: இடம் பிடிக்காவிட்டால் அடை கலைந்து எழுந்துவிடும்.

இருட்டிய பிறகு கிளம்புங்கள். முதலில் ஒவ்வொரு முட்டையையும் செல்போன் டார்ச்சில் வைத்துப் பாருங்கள். சிலந்தி வலை போலச் சிவப்பு நரம்பு தெரிந்தால் உயிர் இருக்கிறது. ஒளி அப்படியே ஊடுருவினால் கூமுட்டை, ஒதுக்கிவிடுங்கள். ஈரத்துணியால் துடைக்காதீர்கள், ஓட்டின் மேல் உள்ள மெல்லிய பூச்சு போய்விட்டால் கிருமி உள்ளே இறங்கும்.

வேறொரு கூடையில் 3 அங்குலத்துக்கு உமி பரப்பி, கூர்முனை கீழே, காற்றறை இருக்கும் மழுங்கிய முனை மேலே இருக்குமாறு முட்டைகளை நிறுத்தி, இடையிலும் உமி போட்டு, மேலே துண்டால் மூடுங்கள். கூடை மடியில் இருக்கட்டும். வேகத்தடையின் அதிர்வை உடம்பு வாங்கிக்கொள்ளும். பைக் வேண்டாம். சூடு ஆறுமே என்று வெந்நீர் பாட்டில் வைப்பவர்கள்தான் அதிகம் கெடுக்கிறார்கள். இரை தின்ன இறங்கும் கோழியே தினமும் 15, 20 நிமிடம் முட்டையை ஆறவிடுகிறது. அரைமணி, முக்கால்மணி ஆறினால் கரு தாங்கும்; 40 டிகிரிக்கு மேல் நீடித்தால் தாங்காது.

கோழியை முட்டையோடு வைக்காதீர்கள், மிரண்டு மிதித்துவிடும். பழைய அடைக்கூடையிலேயே, அதே வைக்கோலோடு, துணி மூடித் தனியாக வரட்டும். இடிக்குப் பயந்து அப்பத்தா போட்டுவைத்த இரும்புத் துண்டும் கரியும் வந்தால் வரட்டும். இரும்பை மட்டும் ஓரமாக ஒதுக்குங்கள், முட்டையில் இடிக்கும்.

போனதும் இருட்டு மூலையில் கூடையை வைத்து, முதலில் கடையில் வாங்கிய முட்டை இரண்டை மட்டும் கோழிக்கு அடியில் வையுங்கள். சிறகை விரித்து அணைத்து உட்கார்ந்துவிட்டால், விளக்கைப் போடாமல் அவற்றை எடுத்துவிட்டு, கரு முட்டைகளை ஒவ்வொன்றாக வயிற்றுக்கு அடியில் தள்ளுங்கள். ஒரு மணி நேரமாகியும் உட்காராவிட்டால் அன்றிரவே வேறு அடைகோழியோ இன்குபேட்டரோ தேட வேண்டும். இன்குபேட்டர் என்றால் 37.5 டிகிரி.

மறுநாள் காலை பக்கத்திலேயே இரையும் தண்ணீரும் வைத்து எட்ட நின்று பாருங்கள். தின்றுவிட்டுத் தானே கூடை ஏறினால் இடம் பிடித்துவிட்டது.