பட்டாளத்தில் சேர்ந்தால் கிரிக்கெட்டை விட்டுவிட வேண்டுமா?

வெலிங்டனிலிருந்து ஒரு தம்பி இப்படிக் கேட்டிருக்கிறார். நானும் குன்னூர்க்காரன்தான். விட வேண்டியதில்லை, தம்பி. லெப்டினன்ட் கர்னல் ஹேமு அதிகாரியைப் பாருங்கள் ('அதிகாரி' அவருடைய குடும்பப் பெயர்). ரஞ்சிக் கோப்பையில் முப்படையினரின் அணியான சர்வீசஸுக்கு ஆடினார். இந்தியாவுக்கு 21 டெஸ்ட். 1948இல் டெல்லியில் வெஸ்ட் இண்டீஸுக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 114.

எனக்கு அதைவிடப் பெரிது 1959 டெல்லி டெஸ்ட். அதே எதிரணி. தொடரில் ஏற்கெனவே மூன்று கேப்டன்கள் மாறி, நான்காவதாக இவரை அழைத்தார்கள். வயது 39. வெஸ்லி ஹாலின் வேகத்துக்கு எதிரே நின்று இரண்டு இன்னிங்ஸில் 63, 40 ரன். கூடவே 3 விக்கெட். ஆட்டம் டிரா. அதுவே அவருடைய கடைசி டெஸ்ட்.

1971இல் இங்கிலாந்து மண்ணில் நாம் முதன்முதலாகத் தொடர் வென்றபோது அணியின் மேலாளரும் அவரே. நம் வெலிங்டன் மைதானத்தில், பனி விலகுமுன் ஓட்டம் முடித்து, ஈரப் புல் ஒட்டிய பூட்ஸோடு நிற்கும் ஜவான்களைப் பார்க்கும்போதெல்லாம் அவர் நினைவுதான் எனக்கு.