பட்வர்தன் படங்கள்: கேட்டதும் சொன்னதும்

ஆனந்த் பட்வர்தனின் ஆவணப்படங்கள் பற்றிக் கேட்ட தோழர்களுக்கு, அவற்றைத் திரும்பத் திரும்பப் பார்த்தவன் என்ற முறையில் என் பதில்கள்.

கே: தோழர், இதுவரை ஒன்றும் பார்த்ததில்லை. எதில் ஆரம்பிக்கலாம்?

ப: எல்லோரும் அயோத்தி ராமர் கோவில் அரசியல் பற்றிய 'ராம் கே நாம்' என்பார்கள். நான் 'பம்பாய் அவர் சிட்டி' (1985) என்பேன். குடிசைகள் இடிபடுவதைப் பற்றிய படம். அதில் ஒரு பெண் படமெடுக்க வந்தவர்கள் மீதே பாய்கிறார். எங்களைக் காட்டி நீங்கள் பேர் வாங்கிக்கொள்வீர்கள், எங்களுக்கு என்ன செய்யப்போகிறீர்கள் என்கிற கோபம். எடிட்டிங்கில் சத்தமில்லாமல் தூக்கியிருக்கலாம். அப்படியே வைத்தார். ஏழைகளைப் படமெடுக்கக் கிளம்புகிறவர்கள் அந்தக் காட்சியைப் பார்த்துவிட்டுக் கிளம்பட்டும்.

கே: ஆவணப்படத்துக்குத்தான் சென்சார் கிடையாதே, பிறகு ஏன் இத்தனை வழக்கு?

ப: உண்டு. பொதுத் திரையிடலுக்கு 1952 ஒளிப்பதிவுச் சட்டப்படி சான்றிதழ் வேண்டும். அணுகுண்டு அரசியல் பற்றிய 'வார் அண்ட் பீஸ்' படத்துக்குத் தணிக்கை வாரியம் 21 வெட்டுகள் கேட்டது; 2003-ல் பம்பாய் உயர் நீதிமன்றம் ஒரு வெட்டும் தேவையில்லை என்றது. தூர்தர்ஷன் இன்னும் மோசம். 'ஃபாதர், சன் அண்ட் ஹோலி வார்' 1995-ல் வந்த படம். ஒளிபரப்பச் சொல்லி உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 2006 ஆகஸ்டில்! தடை என்று யாரும் எழுதித் தரமாட்டார்கள். இழுத்தடித்தே கொன்றுவிடுவார்கள்.

கே: ஒரே படத்தை எடுக்க 14 வருஷமா சார்?

ப: 'ஜெய் பீம் காம்ரேட்' (2011). 1997 ஜூலை 11, மும்பை ரமாபாய் நகர். அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டதை எதிர்த்துத் திரண்டவர்கள் மீது போலீஸ் சுட்டதில் 10 பேர் இறந்தார்கள். சில நாளில் பாடகர் விலாஸ் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். 'பம்பாய் அவர் சிட்டி'யில் பாடியவர் அவர்தான். இடதுசாரி மேடைகளில் பாடிய மனிதர், கடைசியில் தலையில் கட்டியிருந்தது அம்பேத்கர் இயக்கத்தின் நிறமான நீலத்துணி. ஏன் சிவப்பு இல்லை, ஏன் நீலம்? அதைத் தேடிப் போனால் 14 வருஷம் ஆகத்தான் செய்யும்.

கே: நடுநிலை இல்லையே?

ப: இல்லை, அதை மறைக்கவும் இல்லை. ஆனால் எதிர்த்தரப்பைத் தாராளமாகப் பேசவிடுவார். 'ராம் கே நாம்' பாருங்கள், கோவில் கட்டக் கிளம்பிய கரசேவகர்களும் பேசுகிறார்கள், அந்த அரசியலைக் கண்டிக்கும் அயோத்திப் பூசாரி லால்தாஸும் பேசுகிறார். (லால்தாஸ் 1993-ல் கொல்லப்பட்டார்.) எனக்கு உறுத்துவது வேறு: சில இடங்களில் பின்னணிக் குரல் பாடம் நடத்துகிறது.

கே: பெரிய யூனிட்டா?

ப: பெரும்பாலும் கேமராவும் அவரே, எடிட்டிங்கும் அவரே. ஜெயப்பிரகாஷ் நாராயணின் பீகார் இயக்கம் பற்றிய முதல் படத்தை சூப்பர் 8 என்ற சின்ன ஃபிலிம் கேமராவில் எடுத்தார். எமர்ஜென்சியில் அதைத் துண்டு துண்டாக வெட்டி வெளிநாட்டுக்குக் கடத்தி, அங்கே ஒட்டிச் சேர்த்தார்கள்.